அண்ணாச்சியின் குரல்

மைக்கில் பேசப் போகிறவர்கள் பெரும்பாலும் முதலில் அதை விரலால் தட்டிப் பார்ப்பார்கள். இல்லாவிட்டால் ஊதிப் பார்ப்பார்கள். இரண்டுமே மைக்குக்கு ஆகாது. ஊதினால் எச்சில் உள்ளே போய்க் கரகரப்பு வந்துவிடும். தட்டினால் உள்ளே இருக்கிற மெல்லிய தகடு நெளிந்துவிடும். கல்யாண வீட்டுத் தாய்மாமன் முதல் மந்திரி வரைக்கும் எத்தனையோ பேரிடம் சொல்லிப் பார்த்துவிட்டேன், ஒருவரும் காதில் போட்டுக்கொண்டதில்லை. ஆறுமுகச்சாமி அண்ணாச்சி ஒருவர்தான் தட்டவும் மாட்டார், ஊதவும் மாட்டார். மேடையில் நின்று என்னைப் பார்ப்பார். நான் தலையை அசைத்தால்தான் முதல் வார்த்தை வரும்.

உனக்கும் எம்.எல்.ஏ.வுக்கும் என்ன உறவு என்று கேட்டீர்கள், ஐயா. இதுதான் உறவு. சொந்தபந்தம் எதுவும் கிடையாது. மதினி, அதாவது அண்ணாச்சியின் மனைவி முருகம்மாள், உங்களிடம் கொடுத்திருக்கிற புகாரில் ஒரு வரிகூடப் பொய் இல்லை. அதனால் நீங்கள் என்னை அடிக்க வேண்டியதும் இல்லை, அதட்ட வேண்டியதும் இல்லை. வரிசையாகச் சொல்கிறேன், ஏட்டையா நிதானமாக எழுதட்டும்.

சங்கரன்கோவில் பஸ் ஸ்டாண்டுக்கு எதிர்ச் சந்தில் என் கடை. மைக் செட் மூக்காண்டி என்றால் பனவடலிசத்திரம் வரைக்கும் தெரியும். சடங்கு வீடு, காதுகுத்து, கோயில் கொடை எல்லாவற்றுக்கும் நான்தான் குழாய் கட்டுவேன். குழாய் என்றால், தென்னை மரத்திலும் மொட்டை மாடியிலும் வாயைத் திறந்துகொண்டு தொங்குமே, அந்த ஒலிபெருக்கி. விடியக்காலையிலேயே பாட்டைப் போட்டு ஊரைத் தூங்கவிடாமல் செய்வதற்கு எனக்குச் சாப்பாடும் போட்டுச் சன்மானமும் கொடுப்பார்கள். நல்ல பிழைப்புதான். ஆனால் மைக் செட்டுக்காரனைப் பெயர் சொல்லி ஒருவரும் கூப்பிட மாட்டார்கள். "ஏ மைக்கு, சத்தத்தக் கொறவே" என்பார்கள். அவ்வளவுதான் மரியாதை.

அண்ணாச்சி முதன்முதலில் என் மைக்கில் பேசியது விசைத்தறித் தொழிலாளர்களின் கூலி உயர்வுக் கூட்டத்தில். அப்போது அவர் கட்சியில் சாதாரணப் பேச்சாளர். ஒல்லியான ஆள், சட்டைக் காலர் நைந்திருந்தது. வாயைத் திறந்தார், எனக்கு உடம்பு சிலிர்த்துவிட்டது. ஒரு குரலுக்குக் கூர்மை இருக்கும், கனம் இருக்காது. இன்னொரு குரலுக்குக் கனம் இருக்கும், நாலு வரி போனதும் உடைந்துவிடும். இந்தக் குரல் புதுப்பானையில் தண்ணீர் விழுகிற மாதிரி நிறைந்துகொண்டே வந்தது. கூட்டம் முடிந்ததும் அவர் கையைப் பிடித்துக்கொண்டு, "அண்ணாச்சி, இனிமே நீங்க எங்கன பேசுனாலும் நாந்தான் செட்டு கட்டுவேன்" என்றேன்.

"கெட்டிக்காரன்லே நீ. என் தொண்டையே உன் கையிலதான இருக்கு" என்று சொல்லிச் சிரித்தார்.

அதை நான் விளையாட்டாக எடுத்துக்கொள்ளவில்லை.

எழுபத்தொன்றில் ஜெயித்தார். எழுபத்தேழிலும் ஜெயித்தார், எண்பதிலும் ஜெயித்தார். பேச்சு முழுக்கத் தண்ணீர்தான். நம் ஊர்த் தண்ணீர்க் கஷ்டம் உங்களுக்குத் தெரியாததா? எழுபத்தேழு தேர்தலில் தேரடியில் பேசிய பேச்சை ஊரே மனப்பாடமாகச் சொல்லும். "தாயே, உன் இடுப்பில் இருக்கும் குடத்தை இறக்கி வை. இனி நீ தண்ணீரைத் தேடிப் போக வேண்டாம். தாமிரபரணி உன் வாசலைத் தேடி வருவாள்." இந்த இடத்தில் பெண்கள் குலவை போடுவார்கள். அதையும் சேர்த்து என் கேசட்டில் பதிந்திருக்கிறது. அண்ணாச்சி மைக் முன்னால் வாயைத் திறந்து நான் பதிவு செய்யாமல் இருந்ததே இல்லை. அது என் வழக்கம். மைக்கிலிருந்து வருகிற ஒரு ஒயர் குழாய்க்குப் போகும், இன்னொன்று டேப் ரிக்கார்டருக்குப் போகும். குழாய் கெட்டாலும் டேப் ஓடும்.

அவர் வளர வளர நானும் வளர்ந்தேன். அண்ணாச்சியைப் பார்க்க வேண்டுமா, மூக்காண்டி கடைக்குப் போ என்று ஊர் பழகிவிட்டது. என் கடை பெஞ்சில் வாத்தியார்கள் மாற்றலுக்காகக் காத்திருந்தார்கள். தாசில்தாரே ஒருநாள் வந்து உட்கார்ந்து, "மூக்காண்டி அண்ணாச்சி, சாயங்காலம் பாக்க முடியுமா?" என்று கேட்டார். என்னையும் அண்ணாச்சி என்று சொல்ல ஒரு தாசில்தார் இருந்தார் என்பதை நீங்கள் கவனிக்க வேண்டும். அதே சமயம் கட்சியில் இசக்கிப்பாண்டி என்று ஒருவர் அடுத்த சீட்டுக்குத் துண்டு போட்டு வைத்திருந்தார். அவருக்கு ராயகிரியில் சொந்த மச்சினன் மைக் செட் வைத்திருந்தான். அவர் எம்.எல்.ஏ. ஆனால் நான் மறுபடியும் காதுகுத்து வீட்டில் குழாய் கட்ட வேண்டியதுதான்.

எண்பத்துமூன்று ஆனி மாதம் ஒரு காலையில் மதினி ஆள் அனுப்பினார். போய்ப் பார்த்தால் அண்ணாச்சி கட்டிலில் உட்கார்ந்திருக்கிறார். வாய் ஒரு பக்கம் கோணியிருக்கிறது, வலது கை துவண்டு கிடக்கிறது. "ப... ப..." என்று மட்டும் வருகிறது. என்னைப் பார்த்தார். மேடையில் பார்ப்பாரே, அதே பார்வை. நான் தலையை அசைத்தால் பேச்சு வந்துவிடும் என்று நினைத்தாரோ என்னவோ. காரில் படுக்க வைத்துப் பாளையங்கோட்டைக்குக் கொண்டுபோனோம். ஊரில் கேட்டவர்களிடம் மெட்ராஸுக்குப் போயிருக்கிறார் என்று சொன்னேன். உயிருக்கு ஆபத்து இல்லை, கால் நடக்க வந்துவிடும், பேச்சும் எழுத்தும் கலைந்துபோயிருக்கின்றன, அவை வர நாளாகும் என்று டாக்டர் சொன்னார். தேர்தலுக்கு ஒன்றரை வருஷம்தான் இருந்தது.

வீட்டுக்குத் திரும்பி வந்தபோது ஆடித்தபசுக்குக் கொடியேறி இருந்தது. நம் கோயிலில் அந்த நாட்களில் பெண்கள் பிராகாரத்தைச் சுற்றுவார்களே, ஆடிச்சுற்று. தபசு நிற்கிற கோமதி அம்பாளின் கால்வலியைத் தாங்களும் வாங்கிக்கொள்கிறார்கள் என்று ஐதீகம். இசக்கிப்பாண்டியின் ஆட்கள், "அண்ணாச்சிக்கு என்னமோ ஆயிட்டாம்லா" என்று பேச ஆரம்பித்திருந்தார்கள். என்ன செய்வதென்று தெரியாமல் கோயிலில் போய் நின்றேன். சுற்றிக்கொண்டிருந்த ஒரு பெண்ணிடம் வளையல்காரன் ஏதோ கேட்டான். கூட வந்தவள், "அவ பேசமாட்டா, விரதம்" என்றாள். அவன் உடனே கையெடுத்துக் கும்பிட்டு விலகிப் போனான்.

மறுநாள் கார் மேல் குழாயைக் கட்டி நானே தெருத் தெருவாகச் சொல்லிக்கொண்டு போனேன். நம் ஊருக்குத் தாமிரபரணித் தண்ணீர் வருகிறவரை ஒரு சொல்லும் பேசுவதில்லை என்று நம் அண்ணாச்சி அம்பாள் சன்னிதியில் மௌன விரதம் பூண்டிருக்கிறார் என்று. அதற்கு முன்னால் அவரிடம் கேட்டேன். கேட்காமல் செய்யவில்லை. தலையை அசைத்தார். பக்கவாதம் வந்தவர்களுக்குத் தலை தானாகவும் அசையும் என்பது எனக்குத் தெரியும், ஆனாலும் அசைத்தார் என்பது உண்மை.

அடுத்த நாள் அவரை ஆடிச்சுற்றுக்குக் கூட்டிப்போனோம். ஒரு பக்கம் நான், ஒரு பக்கம் மதினி. ஒரு காலை இழுத்து இழுத்து நடந்தார். "நமக்காகத் தபசு இருந்து காலே தளந்து போச்சே" என்று சொல்லி, அவர் நடந்துபோன இடத்தைத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொண்டார்கள். அண்ணாச்சிக்குக் கண்ணீர் நிற்கவே இல்லை. அதைப் பார்த்து ஊரும் அழுதது. எனக்குச் சந்தோஷமாக இருந்தது, மறைப்பானேன்?

எண்பத்துநாலு தேர்தலில் அவரை ஜீப்பில் நிற்க வைத்தேன். துவண்ட வலது கையை இடது கையால் தூக்கிப் பிடித்துக்கொள்ளப் பழக்கினேன், கும்பிடுகிற மாதிரியே இருந்தது. குழாயில் எழுபத்தேழு கேசட் ஓடியது. பழைய பேச்சு என்று எல்லோருக்கும் தெரியும். ஆனாலும் எதிரே பேசாமல் நிற்கிற மனுஷனையும் காற்றில் வருகிற குரலையும் சேர்த்து வைத்துப் பார்த்தபோது ஜனங்களுக்குத் தாங்கவில்லை. பேசிக்கொண்டிருந்த காலத்தில் வாங்காத ஓட்டைப் பேசாமல் வாங்கினார். சட்டசபையிலும் அவருக்கு மரியாதை கூடியது. இசக்கிப்பாண்டியே வந்து காலில் விழுந்தார்.

மதினி இதற்கிடையில் ஒரு நாளும் விடாமல் அவருக்குப் பேச்சுப் பழக்கிக்கொண்டிருந்தார். கரண்டியைக் காட்டிக் கரண்டி என்பார், பூட்டைக் காட்டிப் பூட்டு என்பார். எண்பத்தைந்தில் ஒரு நாள், அவர் வீட்டுப் பின்கட்டு அறையில் நான் டேப் ரிக்கார்டரைத் துடைத்துக்கொண்டிருந்தேன். பின்னாலிருந்து, "மூக்கா" என்று ஒரு சத்தம். திரும்பினேன். அண்ணாச்சி சிரித்துக்கொண்டிருந்தார். கோணின வாயோடு, சின்னப்பிள்ளை மாதிரி. நான் அவர் மடியில் விழுந்து அழுதேன். அது நடிப்பில்லை, ஏட்டையா, அதையும் எழுதிக்கொள்ளுங்கள்.

அப்புறம்தான் யோசித்தேன். தண்ணீர் வராமல் அவர் பேசினால் விரதம் முறிந்துவிடும். அம்பாளிடம் சொன்ன சொல்லை மீறியவருக்கு ஊரில் ஒருவரும் தண்ணீர்கூடத் தர மாட்டார்கள். சரி, தண்ணீர் வந்த பிறகு பேசலாமே என்றால், அதிலும் சிக்கல் இருந்தது. வந்த பேச்சு முழுப் பேச்சாக இல்லை. குடம் என்று சொல்ல நினைப்பார், பூட்டு என்று வரும். நாக்கு புரளாது, எச்சில் வழியும். அந்தக் குரலுக்கு அண்ணாச்சியின் குரலோடு ஒட்டும் இல்லை, உறவும் இல்லை. யாரோ ஒருவர் அவர் வாய்க்குள் உட்கார்ந்துகொண்டு வழி தெரியாமல் தடவுகிற மாதிரி இருந்தது. அதைக் கேட்டால் இது விரதம் இல்லை, சீக்கு என்று பால்குடிக்கும் பிள்ளைக்கும் தெரிந்துவிடும். ஆகவே அவர் பேசவும் கூடாது, தண்ணீர் வரவும் கூடாது. வேறு வழி இருந்தால் சொல்லுங்கள், ஐயா.

அடுத்த முறை காட்டப் போனபோது பாளையங்கோட்டை டாக்டர் என்னை வராந்தாவுக்குக் கூப்பிட்டுச் சொன்னதை அப்படியே சொல்கிறேன். "நல்லா பேச விடுங்க. தப்பும் தவறுமா வந்தாலும் பரவாயில்ல. பேசப் பேசத்தான் வரும். பேசாம விட்டா இருக்கதும் போயிரும்."

நான் உள்ளே போய் மதினியிடம் சொன்னது: "டாக்டர் கண்டிச்சுச் சொல்லிட்டாரு, மதினி. இனிமே வாயத் தொறந்து பேசுனா தலைக்குள்ள நரம்பு வெடிச்சிருமாம். இன்னொரு தடவ வந்தா ஆளு தங்காதாம்."

"அப்பம் இத்தன நாளும் நான் அவுகளக் கொல்லவா பாத்தேன், தம்பி?" என்றார் மதினி.

"தெரியாமத்தான செஞ்சிய" என்றேன்.

அதற்குப் பிறகு எனக்கு ஒரு வேலையும் இல்லாமல் போயிற்று. எல்லாவற்றையும் மதினி பார்த்துக்கொண்டார். அண்ணாச்சி வாயைத் திறந்தால் போதும், அவர் கை வந்து பொத்திவிடும். சாப்பாடு ஊட்டிவிட்டு, அடுத்த கவளம் வரைக்கும் பொத்திக்கொள்வார். அண்ணாச்சி கையைத் தட்டிவிடுவார், மதினி அழுதுகொண்டே மறுபடியும் பொத்துவார். பின்கட்டு அறையை விட்டு வெளியே விடுவதில்லை. என் பங்குக்கு வாசலில் ஒரு சின்னக் குழாயைக் கட்டிக் காலை முதல் பக்திப் பாட்டுப் போட ஏற்பாடு செய்தேன். உள்ளே என்ன சத்தம் வந்தாலும் தெருவில் கேட்காது. பாளையங்கோட்டைக்குப் போவதையும் நிறுத்திவிட்டோம், கார் ஆட்டம் ஆகாது என்று டாக்டர் சொன்னதாக.

தண்ணீர் விஷயம் இன்னும் சுலபம். மேல்நிலைத் தொட்டி கட்ட இடம் பார்க்க இன்ஜினியர்கள் வந்தார்கள். அண்ணாச்சியைக் கேட்காமல் இந்த ஊரில் செங்கல் வைக்க முடியாதல்லவா? இடத்தைக் காட்டுவார்கள், அண்ணாச்சி தலையை அசைப்பார். "இந்த இடம் அண்ணாச்சிக்குப் பிடிக்கல" என்று நான் சொல்வேன். போய்விட்டு வேறு இடம் பார்த்துக்கொண்டு வருவார்கள். மறுபடியும் தலையை அசைப்பார், மறுபடியும் பிடிக்காது. ஒருமுறை இன்ஜினியர் கையைப் பிடித்துக்கொண்டு அவர் வேகவேகமாகத் தலையை மேலும் கீழுமாக ஆட்டினார். "கோவமா இருக்காவ, கெளம்புங்க" என்றேன். இரண்டு வருஷம் இப்படியே ஓடியது.

எண்பத்தேழு சித்திரையில் கிணறுகள் எல்லாம் தரை தட்டிவிட்டன. தறிக்கூடத்தில் தார்க்குச்சியில் நூல் சுற்றுகிற பெண் ஒருத்தி, பூமாரி, கிணற்றுக்குள் இறங்கிச் சிரட்டையில் தண்ணீர் கோரிக் குடத்தில் ஊற்றிக்கொண்டிருந்தாள். பக்கச் சுவர் சரிந்துவிட்டது. மேலே இழுத்துப் போட்டபோது உயிர் இல்லை. எம்.எல்.ஏ. சாவு வீட்டுக்குத் துட்டி கேட்கப் போகாமல் இருக்க முடியாது, கூட்டிப்போனோம். பூமாரியின் அம்மா தங்கத்தாய் மற்றப் பெண்களைப் போல ஒப்பாரி வைக்கவில்லை. மகளின் தலைமாட்டில் உட்கார்ந்தபடி அண்ணாச்சியை நிமிர்ந்து பார்த்துக் கேட்டாள்.

"தண்ணி வந்தாத்தான் பேசுவிய. நீங்க பேசுனாத்தான தண்ணி வரும்? நாங்க எந்தப் பக்கம் போய்ச் சாவ?"

அண்ணாச்சி உதட்டைப் பிரித்தார். மதினியின் கை பாய்ந்து வந்து பொத்தியது. அவர் துக்கம் தாங்காமல் விரதத்தை முறித்துவிடாதபடி மதினி பொத்துகிறார் என்று கூடியிருந்தவர்கள் நினைத்துக்கொண்டார்கள். திரும்பி வருகிற வழியில், ஜீப்பில், மதினி முன் சீட்டில் இருந்த தைரியத்தில், என் காதருகே வந்து சொன்னார்.

"மூக்கா. போதும்ல. பேசுதேன்."

எவ்வளவு நாள் உள்ளுக்குள்ளேயே பழகியிருப்பார் என்று தெரியவில்லை. அந்த மூன்று வார்த்தையும் சரியாகவே வந்தன. நான், "ஆவட்டும், அண்ணாச்சி" என்று சொல்லி அவர் முதுகைத் தடவிக் கொடுத்தேன்.

ஒவ்வொரு வருஷமும் தபசு முடிந்த மறுநாள் சாயங்காலம் மௌன விரத ஆண்டு விழா நடத்துவோம். மௌனத்துக்கு மைக் செட் கட்டின ஒரே ஆள் இந்த ஜில்லாவில் நான்தான். மேடையில் அண்ணாச்சிக்கு மட்டும் ஒரு நாற்காலி. மற்றவர்கள் எல்லோரும் கீழே, தள்ளிக் கட்டிய மூங்கில் தட்டிக்கு அப்பால். விரதக்காரருக்குப் பக்கத்தில் யாரும் உட்காரக் கூடாது என்று சொல்லியிருந்தேன். மைக் ஒன்றும் நிற்கும், மேடை மொட்டையாக இருக்கக் கூடாது என்பதற்காக. இணைப்பு கொடுக்க மாட்டேன். குழாயில் எழுபத்தேழு பேச்சு ஓடும். அவர் கும்பிட்டபடி இருப்பார். ஜனங்கள் பார்த்து, கேட்டு, அழுதுவிட்டுப் போவார்கள்.

அந்த வருஷம் நான் கேசட்டைப் போடும் முன்பே அண்ணாச்சி எழுந்துவிட்டார். காலை இழுத்துக்கொண்டு மைக் முன்னால் வந்து நின்றார். தட்டவில்லை, ஊதவில்லை. ஆம்ப்ளிஃபையருக்குப் பின்னால் இருந்த என்னைப் பார்த்தார்.

நான் தலையை அசைத்தேன்.

அவர் முகம் மலர்ந்ததை நான் பார்த்தேன். நம்பிக்கையாகப் பேச ஆரம்பித்தார். வழக்கப்படி மைக் ஒயரை டேப் ரிக்கார்டரில் செருகினேன், குழாய்க்குக் கொடுக்கவில்லை. இன்னொரு டேப்பிலிருந்து குழாயில் எழுபத்தேழு கேசட்டை முடுக்கிவிட்டேன். ஊரெங்கும் அண்ணாச்சியின் குரல் எழுந்தது. இத்தனை வருஷமாகிறது, இன்னும் ஒரு பிசிறு கிடையாது. ஜனங்கள் கைதட்ட வேண்டிய இடத்தில் தட்டினார்கள், சிரிக்க வேண்டிய இடத்தில் சிரித்தார்கள். மேடையில் அவர் வாய் அசைவதைப் பார்த்து, கூடவே மனசுக்குள் சொல்லிக்கொள்கிறார் என்று நினைத்தார்கள். அவர் நிறுத்தினார், அண்ணாந்து குழாயைப் பார்த்தார். குரல் நிற்கவில்லை. அவர் கத்தினார். கழுத்து நரம்பு புடைத்துக்கொண்டு வந்தது எனக்குத் தெரிந்தது, தட்டிக்கு அப்பால் இருந்தவர்களுக்குத் தெரிந்திருக்காது. மேடை விளக்கும் என் பொறுப்புதான். முன் விளக்குகளை அணைத்துவிட்டேன். கொஞ்ச நேரத்தில் மைக் கம்பியைப் பிடித்துக்கொண்டே சரிந்தார்.

மதினி மேடையின் பின்படுதாவுக்குப் பின்னால் இருந்தார். இரண்டு பேருமாக அண்ணாச்சியைப் படுதாவுக்குப் பின்னால் இழுத்துக் கிடத்தினோம். மூச்சு இருந்தது. வாய் இன்னும் கோணியிருந்தது, ஒரு கண் மட்டும் என்னையே பார்த்துக்கொண்டிருந்தது. கார் பத்தடி தூரத்தில்தான் நின்றது, டிரைவரும் உள்ளேயே இருந்தான்.

"காரக் கூப்புடு, தம்பி" என்றார் மதினி.

"பேச்சு முடியட்டும், மதினி. பாதியில நிப்பாட்டுனா அம்புட்டுப் பேரும் மேடைக்கு ஏறி வந்துருவாவ."

மதினிக்குக் கேவல் வந்தது. "அழாதிய. மைக்ல விழுந்துரும்" என்றேன். மைக்குக்கும் குழாய்க்கும் இணைப்பு இல்லை என்பது எனக்குத் தெரியும், மதினிக்குத் தெரியாது. சேலைத் தலைப்பைச் சுருட்டி வாய்க்குள் திணித்துக்கொண்டார். அண்ணாச்சியின் தலை அவர் மடியில் இருந்தது. கேசட்டின் ஒரு பக்கம் முடிந்தது, நான் போய்த் திருப்பிப் போட்டுவிட்டு வந்தேன். தாயே, குடத்தை இறக்கி வை என்கிற இடம் வந்து பெண்கள் குலவை போட்டபோது மூச்சு நின்றது. அதற்குப் பிறகும் பேச்சு கொஞ்சம் பாக்கி இருந்தது, அது முடிகிறவரை நாங்கள் இரண்டு பேரும் உட்கார்ந்திருந்தோம். மறுநாள் காலையில், அண்ணாச்சி விரதத்திலேயே அம்பாளடி சேர்ந்தார் என்று கார் மைக்கில் சொன்னேன். பாளையங்கோட்டைக்குக் கொண்டுபோயிருந்தால் பிழைத்திருப்பாரா என்று கேட்டீர்கள். பிழைத்திருப்பார் என்றுதான் நினைக்கிறேன். முதல் தடவை பிழைத்தாரே.

பதினாறாம் நாள் விசேஷத்துக்கு டாக்டர் வந்திருந்தார். "ஏம்மா கூட்டிட்டு வர்றதையே நிப்பாட்டிட்டிய? நல்லாப் பேச விடுங்கன்னு அன்னைக்கே மூக்காண்டிகிட்டச் சொன்னேனே" என்று மதினியிடம் கேட்டுவிட்டார். நான் பந்தலில் பாட்டுப் போட்டுக்கொண்டிருந்தேன். மதினி நேராக என்னிடம் வந்தார். திட்டவில்லை, மண்ணை வாரித் தூற்றவில்லை. வலது கையை என் முகத்துக்கு நேரே நீட்டிக் காட்டினார்.

"என் கையாலயே அவுக வாயப் பொத்த வச்சிட்டியேலே, பாவி."

அப்புறம் உங்கள் ஸ்டேஷனுக்கு வந்தார். மற்றதெல்லாம் உங்களுக்குத் தெரியும். கடையில் இருந்த கேசட்டுகளை நீங்கள் எடுத்துக்கொண்டு வந்தபோது நான் தடுக்கவில்லை. அன்றைக்கு மேடையில் பதிவானதை அழித்திருக்கலாம், அழிக்கவில்லை. என் தொழிலில் பதிந்ததை அழிக்கிற வழக்கம் கிடையாது.

நேற்று அதை இங்கே போட்டுக் காட்டினீர்கள். ஒரு ஆள் மூச்சு வாங்க வாங்கச் சொல்கிறான். "மக்களே... விரதம் இல்ல... சீக்கு. பொய்யி. பூமாரி... பூட்டு... தண்ணி... நாங் கேட்டேன்... விடல." அப்புறம் கொஞ்ச நேரம் வெறும் இரைச்சல். அப்புறம் கடைசி வரைக்கும் ஒன்றையே திரும்பத் திரும்பச் சொல்கிறான். "மூக்கா... கேக்கல... சத்தம் வைலே. மூக்கா... சத்தம் வைலே." மெஷினில் ஏதோ கோளாறு, நான் சரி செய்துவிடுவேன் என்று நினைத்துக்கொண்டு கேட்கிறான். கேட்டபோது ஏட்டையா எழுந்து வெளியே போய்விட்டார். நான் உட்கார்ந்து முழுக்கக் கேட்டேன்.

நான் சொன்ன எல்லாவற்றுக்கும் கீழே கையெழுத்துப் போடுகிறேன், ஐயா. பூமாரியையும் என் கணக்கிலேயே எழுதிக்கொள்ளுங்கள். ஒரே ஒரு திருத்தம்தான் இருக்கிறது. அந்தக் கேசட்டின் மேல் நீங்கள் 'அண்ணாச்சியின் கடைசிப் பேச்சு' என்று சீட்டு ஒட்டியிருக்கிறீர்கள். அதை மட்டும் தயவுசெய்து கிழித்துவிடுங்கள். இருபது வருஷம் கூடவே இருந்தவன் சொல்கிறேன், அது அண்ணாச்சியின் குரலே இல்லை.